இரு பக்கமும் இறக்கம்

தரை போடும் மேஸ்திரிக்கு நாற்பத்தெட்டு வயது முடிந்த வாரத்தில், அவர் வீட்டில் உருண்டையாக இருந்த பொருள்கள் எல்லாம் அவரை நோக்கி உருள ஆரம்பித்தன. முதலில் வந்தது ஒரு வெங்காயம். சமையலறையிலிருந்து கிளம்பி, கூடத்தைக் கடந்து, செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தவரின் கால் கட்டைவிரலில் முட்டிக்கொண்டு நின்றது. அவர் அதை எடுத்து மனைவியிடம் கொடுத்துவிட்டு அடுத்த பக்கத்தைத் திருப்பினார். மறுநாள் நூல்கண்டு வந்தது, பேனா மூடி வந்தது, மகள் விளையாடும் மரப்பந்து வந்தது. கொஞ்ச நாளில் தெருவில் பந்தைத் தொலைத்த பிள்ளைகள் தேடிக்கொண்டு நிற்காமல் நேரே அவர் வீட்டுக் கதவைத் தட்டினார்கள். தள்ளுவண்டியில் பழம் விற்பவர் மற்ற வாசல்களில் சக்கரத்துக்கு ஒரு கல் வைத்தால் இந்த வாசலில் இரண்டு வைத்தார். தெருவில் யாரும் இதைப் பெரிதாகப் பேசவில்லை. மேஸ்திரியின் அப்பாவுக்கும் இப்படித்தான் இருந்தது, அவருக்கு வந்தபோது அறுபது வயது, மகனுக்குக் கொஞ்சம் சீக்கிரம் வந்துவிட்டது என்று மட்டும் சொல்லிக்கொண்டார்கள்.

பொருள்கள் வந்ததில் தொந்தரவில்லை. நடப்பதுதான் பெரும்பாடாகப் போனது. எந்தத் தரையில் நின்றாலும் அது அவரைச் சுற்றிக் கிண்ணம்போல் குழிந்தது. கண்ணுக்குத் தெரியாது, காலுக்குத் தெரியும். கிண்ணத்தின் அடியில் அவர் நின்றார், எந்தப் பக்கம் அடியெடுத்து வைத்தாலும் ஏற்றம். கழிவறைக்குப் போவது ஏற்றம், திரும்பி வருவதும் ஏற்றம். சுவரைப் பிடித்துக்கொண்டு, கால்களை அகலப் பரப்பி, தள்ளாடித் தள்ளாடி நடந்தார். வாழ்நாளில் ஒரு சொட்டு தொடாத மனிதர், தெரியாதவர்களிடம் குடிகாரர் என்று பெயர் வாங்கினார்.

வேறு குடும்பமாக இருந்தால் டாக்டரிடம் அழைத்துப் போயிருப்பார்கள். இவர்கள் பரம்பரையாகத் தரை போடுகிறவர்கள். மனிதர் சரிந்தால் இவர்கள் சந்தேகப்படுவது தரையைத்தான். மேஸ்திரி தன் ரசமட்டத்தை எடுத்துத் தரையில் வைத்துப் பார்த்தார். கண்ணாடிக் குழாய்க்குள் இருக்கும் நீர்க்குமிழி நடுவில் நிற்காமல் அவரைக் கண்டு பயந்ததுபோல் எதிர்ப்பக்கம் ஓடியது. "அடிமண் இறங்குது" என்று முடிவு கட்டினார். பழைய தரை நன்றாகத்தான் இருந்தது, உடைக்க மனம் வரவில்லை, அதன் மேலேயே புதுத் தரை போட்டார். குமிழி மறுபடி ஓடியது. மறுபடி போட்டார். அவருடைய அப்பாவும் அதே வீட்டில் அதே வேலையைத்தான் செய்துவிட்டுப் போயிருந்தார். இப்படியாகத் தரைமேல் தரை ஏறி, ஜன்னல்கள் கணுக்கால் உயரத்துக்கு வந்தன, மின்விசிறியைக் கழற்றி வைக்க வேண்டியதாயிற்று, வாசற்கதவைப் பாதியில் அறுத்தார்கள். அந்த வீட்டுக்கு வந்தவர்கள் எல்லாரும் ஏதோ மன்னிப்புக் கேட்க வந்தவர்கள்போல் குனிந்தே நுழைந்தார்கள்.

கடைசி இரண்டு வருடம் நாற்காலிகளை ஜன்னல் கம்பியில் கட்டி வைத்தார்கள். மழைக்காலத்தில் தெருத் தண்ணீர் சாக்கடைக்குப் போகாமல் படியேறி வந்து அவர் கட்டிலைச் சுற்றி நின்றது. மனைவி தகர முறத்தால் அள்ளி அள்ளி ஜன்னல் வழியாக ஊற்றினாள். அவர் இறந்த அன்று பாடையின் பின்னால் வந்த வண்டிகள் எஞ்சினை அணைத்துவிட்டே இடுகாடு வரை வந்து சேர்ந்தன. மண்ணைப் போட்டு மூடியதும் எல்லா வண்டிகளும் நின்ற இடத்திலேயே நின்றுவிட்டன, திரும்பிப் போகச் சாவி போட வேண்டியிருந்தது.

அவருக்குப் பிள்ளைகள் இரண்டு பேர். மூத்தவள் அம்மாவை உரித்து வைத்திருந்தாள்: அதே அகன்ற நெற்றி, அதே குட்டிக் காது, சிரித்தால் ஒரு கன்னத்தில் மட்டும் விழும் குழி. இளையவன் அப்பாவின் அச்சு. நீண்ட தாடை, சேர்ந்த புருவம், கோபம் வந்தால் இடது மூக்கு மட்டும் விடைப்பது வரைக்கும் அப்படியே இருந்ததால் பள்ளிக்கூடத்தில் அவனுக்கு ஜெராக்ஸ் என்று பெயர் விழுந்தது, அதுவே நிலைத்தும் போனது. மேஸ்திரியும் தன் அப்பாவின் முகம்தான். அதனால் அந்தக் குடும்பத்தில் எல்லாருக்கும் ஒரு விஷயம் ஐயமறத் தெரிந்திருந்தது: முகம் யாருக்கு வருகிறதோ அவருக்குத்தான் சரிவும் வரும். இரண்டும் ஒரே மூட்டையில் வருகிற சாமான். இதை யாரும் யாருக்கும் சொல்லித் தரவில்லை. சாப்பாட்டு நேரத்தில் ஜெராக்ஸுக்கு மட்டும் ஒரு கரண்டி கூடுதலாக விழும், அதிலேயே அவனுக்குப் புரிந்துபோயிற்று.

அப்பா போன பிறகு மூத்தவளை ஒரு எலக்ட்ரீஷியன் பெண் கேட்டு வந்தான். அவனுடைய அம்மா விவரமானவள், கைப்பையில் ஒரு கண்ணாடிக் கோலி கொண்டுவந்திருந்தாள். பேச்சோடு பேச்சாக அதைத் தரையில் வைத்தாள். கோலி அசையவில்லை. பெண்ணின் முகத்தையும் தாயின் முகத்தையும் மாற்றி மாற்றிப் பார்த்துவிட்டு, கோலியை எடுத்துப் பைக்குள் போட்டுக்கொண்டு, தேதி எப்போது வைக்கலாம் என்று கேட்டாள். ஜெராக்ஸின் கதை வேறு. டைல்ஸ் கடையில் மாதிரிகளை எடுத்துக் காட்டும் பெண் ஒருத்தி இருந்தாள். அவனுக்குத் தேவையில்லாத டைல்ஸையெல்லாம் விலை கேட்டுக் கேட்டு இரண்டு வருடம் அந்தக் கடைக்கு நடந்தான். ஒருநாள் அவளே, "இன்னும் எத்தனை டைல்ஸுக்கு விலை கேக்கப் போறீங்க? என்னைக் கேட்டுட வேண்டியதுதானே" என்றாள். அவன் அன்றைக்குப் பிறகு வேறு கடையில் வாங்க ஆரம்பித்தான். வீட்டில் யாரும் ஏன் என்று கேட்கவில்லை. மூத்தவளும் கேட்கவில்லை. தம்பி சரியானதைத்தான் செய்கிறான் என்று நினைத்தாள், நினைத்ததற்காக மனதுக்குள் கூசினாள், பிறகு மறந்துவிட்டாள்.

ஜெராக்ஸ் தன் நோய்க்காக ஒரு அறை கட்டினான். வரப் போகிற விருந்தாளிக்கு ஏற்பாடு செய்கிற மாதிரி நிதானமாக, வருடக்கணக்கில். சுவர் நெடுகக் கைப்பிடிக் கம்பி, தரையில் திருகி வைத்த நாற்காலி, டம்ளர் உருண்டு விழாமலிருக்க விளிம்பு வைத்த மேசை. கட்டிலை அறையின் நடுவில் போட்டான், எல்லாப் பக்கத்துக்கும் ஏற்றம் சமமாக இருக்கட்டும் என்று. எங்கிருந்தோ சதுரமான கோப்பைகளும் தேடி வாங்கினான். அக்காவின் மகள் சின்னக் குழந்தையாக இருந்தபோது அந்தச் சதுரக் கோப்பையில்தான் பால் வேண்டும் என்று அடம்பிடிப்பாள். "அது மாமாவுக்கு, பின்னாடி வேணும்" என்று பாட்டி பிடுங்கி வைப்பாள்.

அக்காவும் தம்பியும் சேர்ந்தே தொழில் செய்தார்கள். அவன் கலவை கொட்டி, நூல் பிடித்து, டைல்ஸ் பதிப்பான். அவள் மூலையில் உட்கார்ந்து ரசமட்டம் வைத்துப் பார்ப்பாள், பிறகு இடுக்குகளில் வெள்ளை சிமெண்ட் அடைப்பாள். அவள் சரி என்று சொன்னால் அந்தத் தரை சரி, ஊரில் அதற்கு அப்பீல் கிடையாது. அவளுக்கு முப்பத்தேழு வயதான வருடம், ஒரு பல் டாக்டரின் கிளினிக்கில் தம்பி போட்ட தரையில் குமிழி நடுவில் நிற்கவில்லை. ஒரு மயிரிழை தள்ளி நின்றது. அவள் வேறு மூலைக்குப் போய் வைத்துப் பார்த்தாள். அங்கேயும் மயிரிழை. அடுத்த வீட்டில் இரண்டு மயிரிழை.

"என்னடா இது, கை எங்க போச்சு உனக்கு?" என்றாள், கிண்டலாகத்தான்.

அவன் வந்து குனிந்து பார்த்தான். குமிழியைப் பார்த்தான், அக்காவைப் பார்த்தான். கலவை பூசும் கரணையைக் கீழே வைத்துவிட்டு வெறும் தரையில் உட்கார்ந்தான்.

"வந்துருச்சு போலக்கா" என்றான்.

"லூசு, பேசாம இரு" என்று அதட்டினாள். ஆனால் அன்றைக்கு முதல் அவன் போட்ட எந்தத் தரையையும் அவளால் சரி என்று சொல்ல முடியவில்லை. குமிழி சொல்கிறது, அவள் என்ன செய்வாள்? பதித்த டைல்ஸை அவன் கொத்திக் கொத்தி எடுத்தான், மறுபடி பதித்தான். அவள் உட்கார்ந்து பார்ப்பாள், தலையை ஆட்டுவாள், அவன் மறுபடி எடுப்பான். இப்படி ஒரு கல்யாண மண்டபத்தின் தரையை மட்டும் நான்கு தரம் போட்டான். கோபப்படவில்லை. எதிர்பார்த்த பஸ் வந்துவிட்டது, ஏற வேண்டியதுதான் என்பதுபோல் இருந்தான். அதைப் பார்க்கத்தான் அவளுக்குப் பொறுக்கவில்லை.

அந்தச் சமயத்தில் பெரிய ஆஸ்பத்திரிக்கு ஒரு மரபணு டாக்டரம்மா மாற்றலாகி வந்திருந்தாள். அவளுக்கு முன்நெற்றியில் ஒரு கொத்து முடி மட்டும் பிறந்ததிலிருந்தே வெள்ளை. அவளுடைய அப்பாவுக்கும் அப்படி, மகனுக்கும் அப்படி. பரம்பரை என்றால் என்ன என்று கேட்கிறவர்களிடம் அந்த முடியை விரலால் தொட்டுக் காட்டுவாள். "இது வெளியில தெரியுது. உங்களுது உள்ள இருக்கு. அவ்ளோதான் வித்தியாசம்" என்பாள். மேஸ்திரி குடும்பத்தின் சரிவைப் பற்றி ஏற்கெனவே கேள்விப்பட்டிருந்தாள், மேசைமேல் பென்சிலை வைத்துவிட்டுத்தான் பேச ஆரம்பித்தாள். அவர்கள் தரை போடுகிறவர்கள் என்பதால் தரையை வைத்தே சொன்னாள். உடம்பு என்பது அப்பாவிடம் பாதி, அம்மாவிடம் பாதி பார்த்து உள்ளே ஒரு மேஸ்திரி போடுகிற தரை. ஒரு இடத்தில் ஒரே டைல் திரும்பத் திரும்ப வர வேண்டும், இருபது முப்பது தரம். உங்கள் குடும்பத்தில் அந்த இடத்துக்கு வந்ததும் அந்த உள்மேஸ்திரிக்கு எண்ணிக்கை தவறிவிடுகிறது, நாற்பது ஐம்பது என்று போய்விடுகிறான். அடுத்த தலைமுறைக்குப் போடும்போது பழையதைப் பார்த்துப் போடுகிறான், இன்னும் நாலு சேர்த்துவிடுகிறான். கூடக் கூட, சீக்கிரம் வருகிறது.

"யாருக்கு வரும்னு எப்படி?" என்று மூத்தவள் கேட்டாள்.

"ஒவ்வொரு பிள்ளைக்கும் பாதிக்குப் பாதி. காசைச் சுண்டுற மாதிரி. ஆம்பளை, பொம்பளை, கறுப்பு, சிவப்பு எதுவும் கிடையாது."

"இவனுக்கு அப்பா முகம்" என்றாள், டாக்டரம்மாவுக்குத் தெரியாத ஒன்றை எடுத்துக் கொடுப்பதுபோல்.

டாக்டரம்மா தலையை ஆட்டினாள். "முகம் வேற கணக்கும்மா" என்றாள். அது மூத்தவள் காதில் ஏறவில்லை. அவள் கவனமெல்லாம் தம்பியின் கைமேல் இருந்தது, ஊசியைப் பார்த்ததும் சின்ன வயதில் போலவே விரல்களை உள்ளே மடக்கிக்கொண்டிருந்தான். "எனக்கும் எடுங்க டாக்டர். இவனுக்குத் துணைக்கு" என்று சட்டைக் கையை மடித்தாள். துணைக்கென்று யாரும் இதைச் செய்துகொள்ளக் கூடாது, தெரிந்துகொண்ட பிறகு தெரியாததாக ஆக்க முடியாது, வீட்டுக்குப் போய் யோசித்துவிட்டு வாருங்கள் என்று டாக்டரம்மா இரண்டு தடவை திருப்பி அனுப்பினாள். இரண்டு தடவையும் யோசித்துவிட்டதாகச் சொல்லிக்கொண்டு வந்து நின்றாள். யோசிக்கவே இல்லை. அவளைப் பொறுத்தவரை அது தம்பிக்கு ஒரு கை பிடிப்பு, அவ்வளவுதான்.

முடிவைத் தனித்தனியாகத்தான் சொல்வோம் என்று டாக்டரம்மா முதலில் தம்பியைக் கூப்பிட்டாள். அவன் வெளியே வந்தபோது முகம் வெளுத்திருந்தது. அக்காவைப் பார்க்காமல் பெஞ்சில் உட்கார்ந்தான். போச்சு என்று நினைத்துக்கொண்டு, என்ன சொல்லித் தேற்றலாம் என்ற யோசனையோடு அவள் உள்ளே போனாள். டாக்டரம்மா சக்கரம் வைத்த ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள். உங்களுக்குத் தெரிய வேண்டுமா என்று கடைசியாக ஒருமுறை கேட்டாள். சொல்லுங்கள் என்றாள் இவள். டாக்டரம்மா மெதுவாக, ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னாள். சொல்லிக்கொண்டிருக்கும்போதே ஸ்டூல் ஒரு விரல் அளவு இவளை நோக்கி நகர்ந்தது. டாக்டரம்மா காலை ஊன்றிப் பின்னால் தள்ளிக்கொண்டாள். மறுபடி நகர்ந்தது. அப்போதுதான் மூத்தவளுக்கு அந்தப் பல் டாக்டரின் கிளினிக் ஞாபகத்துக்கு வந்தது, கல்யாண மண்டபம் ஞாபகத்துக்கு வந்தது. அத்தனை தரையிலும் ரசமட்டத்தைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது யார்? தம்பி கலவையோடு தூரத்தில் அல்லவா நின்றான்.

வெளியே வந்ததும் அவன் எழுந்து நின்றான்.

"எனக்கு இல்லைன்னு சொல்லிட்டாங்கக்கா" என்றான். ஏதோ திருடி மாட்டிக்கொண்டவன் குரல். பிறகு அவள் முகத்தைப் பார்த்தான்.

"உன் தரை எல்லாம் சரியாத்தான்டா இருந்துச்சு" என்றாள். "நான்தான் வீணா உடைக்க வச்சிட்டேன்."

"ஐயோ அக்கா, உனக்கு எப்படிக்கா... நான்ல தயாரா இருந்தேன். இத்தனை வருஷம் நான்தானே தயாரா இருந்தேன்!"

ஆஸ்பத்திரித் தாழ்வாரத்தில் வாய்விட்டு அழுதான். நாற்பதை நெருங்கும் ஆண்பிள்ளை அப்படி அழுவதை யாரும் வேடிக்கை பார்க்கவில்லை, அந்தத் தாழ்வாரத்துக்கு அது பழக்கம். அவளுக்கு அழுகை வரவில்லை. ஒரே ஒரு யோசனைதான் மண்டைக்குள் சுற்றிச் சுற்றி வந்தது. மகளுக்குப் பத்து வயது. எலக்ட்ரீஷியனை அப்படியே கொண்டு பிறந்தவள், மூக்கும் முழியும் நடையும் அவன்தான். அதை நினைத்து நினைத்து இத்தனை நாள் அவள் நிம்மதியாகத் தூங்கியிருந்தாள்.

மறுவாரமே மகளின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனாள். டாக்டரம்மா முடியாது என்றாள். இதற்கு மருந்து இல்லை, தெரிந்து அந்தக் குழந்தைக்கு ஆகப் போவது ஒன்றுமில்லை, பெரியவளானதும் அவளே வந்து கேட்கட்டும், அதுவரை அது அவளுடைய ரகசியம், உங்களுடையதல்ல என்றாள். "நான் பெத்தவ! எனக்குத் தெரியக் கூடாதா?" என்று மூத்தவள் கத்தினாள். மேசையிலிருந்த பென்சில் உருண்டு வந்து அவள் மடியில் விழுந்தது. அதைத் தூக்கி எறிந்துவிட்டு வந்தாள். வீட்டில் கணவன் கோலிக் கதையைச் சொல்லி ஒரு வார்த்தை சொல்லியிருந்தால்கூட வெடித்திருப்பாள். அவனோ கூரையில் விளக்குகளை எல்லாம் ஆடாமல் இறுக்கிக் கட்டினான். மூத்தவளின் அம்மாதான் ரொம்ப நாள் கண்ணாடிமுன் நின்று தன் முகத்தையே பார்த்தாள். என்னை உரித்து வைத்திருக்கிறாள் என்று மகளைப் பற்றி அதன்பிறகு யாரிடமும் பெருமை பேசவில்லை. அவள் போய்ச் சேர்ந்ததும் அதே வருடக் கடைசியில்தான்.

ஜெராக்ஸ் பல நாள் வேலைக்குப் போகவில்லை. மீசையை மழித்தான், அப்போதும் முகம் அப்பாவுடையதாகவே இருந்தது. இந்த முகம் அவனை ஏமாற்றிவிட்டது. ஒருநாள் பழைய டைல்ஸ் கடைக்குப் போனான். அந்தப் பெண் இன்னும் அங்கேதான் இருந்தாள், இப்போது மூக்குக் கண்ணாடி போட்டிருந்தாள், அவள் மகன் கல்லாவில் உட்கார்ந்திருந்தான். அவள் அவனை நிமிர்ந்து பார்த்து, "என்ன, விலை கேக்க வந்தீங்களா?" என்றாள். "இல்ல, வாங்கத்தான் வந்தேன்" என்றான். அக்கா நடக்க ஒரு பாதை போட வேண்டும் என்றான். சொரசொரப்பானதாக, கால் வழுக்காததாகப் பார்த்து அவள் எடுத்துக் கொடுத்தாள். எவ்வளவு அகலம் போடப் போகிறீர்கள் என்று கேட்டாள், சொன்னான், ஒருவர் நடக்க அவ்வளவு எதற்கு என்றாள். அவன் சுமைவண்டியைக் கூப்பிடப் போனான்.

அக்காவையும் அவள் குடும்பத்தையும் பழைய வீட்டுக்கே அழைத்து வந்தான். தனக்காகக் கட்டிய அறையை அவளுக்குக் கொடுத்தான். எல்லாம் அளவெடுத்ததுபோல் பொருந்தியது. கைப்பிடிக் கம்பியை மட்டும் கொஞ்சம் இறக்கிப் பொருத்தினான். பிறகு கூடத்துத் தரையை உடைக்க ஆரம்பித்தான். அவர்கள் குடும்பத்தில் தரையை ஏற்றாமல் இறக்கிய முதல் ஆள் அவன்தான். அப்பா போட்டவை, அவருடைய அப்பா போட்டவை, மொசைக், சிவப்பு சிமெண்ட், கறுப்பு வெள்ளைக் கட்டம் என்று ஒன்றின் கீழ் ஒன்றாக வந்தன. ஒவ்வொரு தரை வெளிப்பட்டதும் அக்காவைத் தெருமுனைக்கு அனுப்பிவிட்டு ரசமட்டம் வைத்துப் பார்த்தான். ஒவ்வொன்றிலும் குமிழி ஆணி அடித்ததுபோல் நடுவில் நின்றது. ஒரு தரைகூடச் சரிந்திருக்கவில்லை. நடக்க முடியாத இரண்டு மனிதர்கள் உயிர் போகிற வலியோடு முட்டி போட்டுப் போட்ட தரைகள், அத்தனையும் அவ்வளவு சுத்தம். அவற்றை உடைக்கும்போது அவனுக்கு அப்பாமேல் வந்த பாசம் அவர் உயிரோடு இருந்தபோது வந்ததில்லை.

அடுக்குகளுக்கு நடுவே கோலிகளும் பொத்தான்களும் ஒரு வளையலும் கிடைத்தன, எல்லாம் அந்தந்தக் காலத்தில் உருண்டு வந்து கலவையில் சிக்கிக்கொண்டவை. அக்காவின் மரப்பந்தும் கிடைத்தது. அதைத் தொலைத்ததற்குச் சின்ன வயதில் தம்பியைத்தான் அவள் அடித்திருந்தாள். இப்போது கழுவித் துடைத்து மகளிடம் கொடுத்தாள். மகள் அதைத் தரையில் விட்டாள், அது நேரே அம்மாவிடம் வந்தது. மகள் கைதட்டிச் சிரித்தாள். அன்றிலிருந்து அது அவர்கள் இருவருக்கும் விளையாட்டு ஆனது. வீட்டின் எந்த மூலையிலிருந்து விட்டாலும் பந்து அம்மாவிடம் வரும், அம்மா திருப்பி எறிவாள். ஒவ்வொரு முறையும் பந்து மகள் பக்கம் தயங்காமல் தன் பக்கமே வருவதைப் பார்த்து மூத்தவளுக்குள் ஒரு மூச்சு இறங்கும். சோதனை எதுவும் தேவையில்லை, இந்தப் பந்து போதும் என்று நினைத்துக்கொண்டாள். டாக்டரம்மாவைப் பழிவாங்கிவிட்ட மாதிரி இருந்தது.

தரை பழைய உயரத்துக்கு வந்ததும் ஜெராக்ஸ் பாதையைத் தொடங்கினான். கட்டிலிலிருந்து தெருவாசல் வரைக்கும் ஒரு பாதை. அக்காவைக் கட்டிலில் உட்கார வைத்து, அவள் இருக்கும்போதே குமிழி நடுவில் நிற்கும்படி டைல்ஸ் பதித்துக்கொண்டே போனான். அவள் எழுந்து நடந்தாள். பல மாதங்களுக்குப் பிறகு சமதரையில் நடப்பதுபோல் வாசல் வரை நடந்து போய் நின்றாள். திரும்ப வரத்தான் முடியவில்லை, ஏற்றம் இரட்டிப்பாகியிருந்தது, தூக்கிக்கொண்டு வந்தான். பிறகு அவளை வாசலில் உட்கார வைத்து, அந்தப் பக்கத்திலிருந்து குமிழி பார்த்து, முதல் பாதையை ஒட்டியே இன்னொன்று போட்டான். போகிற பாதை வாசலை நோக்கி இறங்கியது. வருகிற பாதை கட்டிலை நோக்கி இறங்கியது. இரண்டும் இரண்டு முனையிலும் ஒரே உயரத்தில் வந்து சேர்ந்தன. நகராட்சி எஞ்சினியர் ஒருவர் கேள்விப்பட்டு வந்தார், குழாய் வைத்து, நூல் பிடித்து, கோலி விட்டுப் பார்த்தார், இரண்டு பக்கமும் இறக்கம்தான் என்று ஒத்துக்கொண்டார். டீ குடித்துவிட்டு, குளியலறைக்கும் ஒன்று போட்டுவிடுங்கள் என்று யோசனை சொல்லிவிட்டுப் போனார். மூத்தவளுக்கு ஒரே ஒரு குறைதான் இருந்தது.

"எதுக்குடா இவ்வளவு அகலம்? டைல்ஸ் தண்டம். நான் என்ன மாடா?"

"உன் கையைப் பிடிச்சுக்கிட்டு நான் கூட நடக்க வேணாமா?" என்றான். அவன் ஒருநாளும் கூட நடக்கவில்லை, அவளுக்குக் கைப்பிடி தேவைப்படவும் இல்லை.

வருடங்கள் போயின. எலக்ட்ரீஷியன் வீட்டிலிருந்த எல்லாவற்றுக்கும் விளிம்பு வைத்து முடித்தான். மூத்தவளின் பேச்சு கொஞ்சம் குழறியது, கையில் டம்ளர் நடுங்கியது, ஆனால் பாதையில் மட்டும் தடுமாறாமல் நடந்தாள். மகளுக்குப் பதினெட்டு முடிந்ததும், விரும்பினால் வரலாம் என்று டாக்டரம்மா சொல்லி அனுப்பினாள். வெள்ளை முடி இப்போது மற்ற நரையோடு கலந்துவிட்டிருந்தது. மகள் தனியாகப் போய்விட்டு வந்து, "எனக்குத் தெரிஞ்சுக்க வேணாம்னு சொல்லிட்டேன்" என்றாள். மூத்தவள் சரி என்று தலையாட்டினாள். அவளுக்குத்தான் பந்து இருக்கிறதே. மகள் படித்து முடித்து மருந்துக் கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். மாலையில் வீடு திரும்பியதும் பை வைக்கிற கையோடு பந்தை எடுத்து உருட்டிவிடுவாள், வந்துவிட்டேன் என்று சொல்வதற்குப் பதில்.

அவளுக்கு இருபத்தைந்து நடந்தபோது, ஒரு மாலை, வந்தாள், பையை வைத்தாள், பந்தை எடுக்காமல் நாற்காலியில் போய் உட்கார்ந்தாள். அந்த வாரம் முழுக்க அப்படித்தான் இருந்தாள். அம்மா மேசைக்கடியில் கிடந்த பந்தைக் காலால் தள்ளிவிட்டு, "என்னடி, மறந்துட்டியா?" என்று குழறலாகக் கேட்டாள். பந்து கூடத்தின் பாதி வரை போனது. அங்கிருந்து திரும்பி வர வேண்டும். வரவில்லை. இருவருக்கும் நடுவில், ரசமட்டத்துக் குமிழி நிற்பதுபோல், அசையாமல் நின்றது. ஜெராக்ஸ் சமையலறை வாசலில் சதுரக் கோப்பைகளில் டீயோடு நின்றுகொண்டிருந்தான், அவனும் பார்த்தான்.

மூத்தவள் பந்தையே பார்த்தாள். ஒரு பக்கமாவது அசையட்டும், என் பக்கம் வா, வந்து தொலை என்று மனதுக்குள் கெஞ்சினாள். கண்ணீர் கன்னத்தில் இறங்கி, அவளுக்குக் கன்னக்குழி விழும் இடத்தில் தேங்கியது.

"அழாதம்மா" என்றாள் மகள். "எனக்கு ரெண்டு மாசமாவே தெரியும். கடையில கீழ விழுற மாத்திரை எல்லாம் என் பக்கமே வருது. ஓனர் நான் நல்லா கூட்டறேன்னு நினைச்சுக்கிட்டு இருக்காரு."

யாரும் சிரிக்கவில்லை. பிறகு அவளே சிரித்தாள், அதில் கொஞ்சம் அழுகை கலந்திருந்தது. டீயை வாங்கிக்கொண்டு பாதையைப் பார்த்தாள், சின்னப் பிள்ளையிலிருந்து ஆயிரம் தடவை ஓடியிருந்த பாதையைப் புதிதாகப் பார்ப்பதுபோல்.

"மாமா, இதுல ரெண்டு பேர் சேர்ந்து நடக்க முடியுமா?"

"முடியும்" என்றான் ஜெராக்ஸ். "அதுக்கேத்த அகலம்தான்."

மூத்தவள் தம்பியை நிமிர்ந்து பார்த்தாள். அவன் அவளைப் பார்க்காமல் கோப்பையின் விளிம்பைத் துடைத்தான். இத்தனை வருடம் அவன் அதைச் சொல்லாமல் வைத்திருந்ததற்கு அவள் அவனை அடித்திருக்க வேண்டும், அல்லது கட்டிப் பிடித்திருக்க வேண்டும். இரண்டையும் செய்யவில்லை. கம்பியைப் பிடித்து எழுந்தாள், மகளை நோக்கிக் கையை நீட்டினாள். மருந்துக் கடை வேலையில் கால் வலிக்கிறதா என்று கேட்டாள், ஆமாம் என்றாள் மகள். இருவரும் கை கோத்துக்கொண்டு, மாலைக் காற்று வாங்க, போகிற பாதையில் வாசலை நோக்கி நடந்தார்கள். இரண்டு பேருக்கும் நடை சீராக இருந்தது. மரப்பந்து யார் பின்னால் போவதென்று குழம்பாமல் இருவருக்கும் நடுவே உருண்டு உருண்டு வந்தது. வாசற்படியில் ஜெராக்ஸ் அதைக் குனிந்து எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, கதவைச் சாத்திவிட்டு, அவர்கள் பின்னாலேயே போனான்.